தீப்பெட்டி இல்லாமல் கியோட்டோவுக்கு

மகனைக் கல்லூரி விடுதியில் விட்டுவிட்டு வந்து மூன்று நாள் ஆகியிருந்தது. சேலம் பேருந்தில், அவன் கூப்பிடுவான் என்று கைபேசியையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஆட்டையாம்பட்டியில் ஏறி முன் இருக்கையில் அமர்ந்த தம்பதியில் மனைவி சொன்னார்:

"ஏனுங்க, ஜப்பானுக்குத் தீப்பெட்டி மட்டும் எடுத்துட்டு வந்தராதீங்க."

"கியோட்டோவுல பட்டு வாங்கோணுங்கற. அசல் பட்டான்னு நூலை உருவிக் கொளுத்தி மோந்து பாக்காம எப்படிப் புள்ள வாங்கறது? முப்பது வருசமாத் தறி ஓட்டறவன் நானு."

"காஞ்சிபுரத்துக் கடையில கொளுத்துனீங்க. நம்ம பொண்ணு வெக்கப்பட்டுத் தெருவுல போயி நின்னுக்கிட்டா. இது அவ வேலை பாக்கற ஊருங்க."

"சரி, கொளுத்தல. கோயிலு?"

"ஆறு கோயில் எழுதி அனுப்பியிருக்கறா. அங்க போயி அர்ச்சனைத் தட்டு எங்கீன்னு கேக்காதீங்க."

கணவர் குரலைத் தாழ்த்திச் சொன்னார்:

"எனக்குக் கோயிலும் வேண்டாம், பட்டும் வேண்டாம். அவ ரூமைக் காட்டுனாப் போதும். ரெண்டு வருசமா நல்லா சாப்படறேன், நல்லா சாப்படறேன்னே சொல்றா. அரிசி டப்பாவைத் தொறந்து ஒருக்காப் பாத்தரோணும்."

"அதை நாந்தானுங்க மொதல்ல தொறப்பேன். நீங்க வாசல்ல செருப்பைக் கழட்டிட்டு மெதுவா வாங்க."

இருவரும் சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு வந்தது. மகனை விட்டுவிட்டுக் கிளம்புமுன், அவன் விடுதி அலமாரியை நான் மூன்று முறை திறந்து பார்த்திருந்தேன். அதில் துணிகளை அடுக்கி வைத்ததே நான்தான்.