பஞ்சத்துக்கு ஒரு வீடு

திருச்சுழி பஸ்ஸில் எனக்கு முன்சீட்டில் சட்டையெல்லாம் பெயிண்ட் கறையோடு ஒரு மெட்ராஸ் இளைஞர், மடியில் கரித்தூள் மூட்டையுடன் உட்கார்ந்திருந்தார். ஏதோ சின்னப் படத்துக்கு ஆர்ட் டைரக்டர் என்று பேச்சில் தெரிந்தது. பக்கத்தில் ஒரு விவசாயச் சம்சாரி.

“நாளைக்குக் காலையில உங்க வீட்டுக்குப் பஞ்சம் வரணும், ஐயா,” என்றார் இளைஞர். பாதி பஸ் திரும்பிப் பார்த்தது.

“வரட்டும் தம்பி. அதுக்குத்தான வெள்ளையடிச்சு வச்சிருக்கேன்.”

“அதைப் பார்த்துத்தான் எனக்குக் கையும் ஓடல, காலும் ஓடல. பஞ்சகாலத்துக் கதை, செட்டுப் போட வசதியில்லாத படம். சுவரெல்லாம் காரை பேந்து கெடந்துச்சுன்னுதான் உங்க வீட்டையே கேட்டோம்.”

“சினிமாக்காரக வாராகன்னா அப்படியே போட்டு வைக்க முடியுமா?”

“எதிர்த்த வீடு கிடைக்குமா?”

“அவனும் அடிச்சுட்டான். எங்க வீட்டைப் பார்த்துட்டுத் தெருவே அடிச்சுருச்சு.”

இளைஞர் மடியிலிருந்த மூட்டையைத் தட்டிக் காட்டினார்.

“கரியையும் டீத்தண்ணியையும் கலந்து சுவத்துல பூசிக்கிறேன். ஷூட்டிங் முடிஞ்சதும் நானே வெள்ளையடிச்சுத் தர்றேன்.”

சம்சாரி தலையாட்டினார்.

“பூசிக்கங்க. ஆனா எங்க வீடு மட்டும் அழுக்கா நின்னா எதிர்த்த வீட்டுக்காரன் சிரிப்பான். பூசுறதுன்னா தெருவுக்கே பூசிருங்க.”

இளைஞர் மூட்டையை ஒருமுறை தூக்கிப் பார்த்தார். பிறகு கண்டக்டரைக் கூப்பிட்டு, அருப்புக்கோட்டைக் கரிக்கடைக்குத் திரும்பிப் போக அடுத்த பஸ் எப்போது என்று கேட்டார்.