கட்டிக்கு வெல்லஞ்சுண்ணாம்பு

பல்லடம் பஸ்ஸில் எனக்கு முன் இருக்கையில், அப்போதுதான் அறிமுகமான இரண்டு பெண்கள் பேசிக்கொண்டிருந்தார்கள். ஒருத்தியின் புருஷன் டிரைவருக்குப் பின்னால், தலைப்பாகையோடு தூங்கிக்கொண்டிருந்தார்.

“தலையில கட்டின்னு இவரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனா, மூத்தரத்துல ரத்தம் போவுதான்னு டாக்டரு கேக்கறாருங்க.”

“அதுக்கும் இதுக்கும் என்னங்கம்மணி?”

“குண்டிக்காயில, கிட்னிங்கறாங்களே, அதுல புத்துநோயாமுங்க. அதுதான் பரவி, தலைத் தோலுல கட்டியா வந்திருக்குதாமா. இனி வைத்தியமில்லைன்னு என்னைத் தனியாக் கூப்பிட்டுச் சொல்லிப்போட்டாருங்க.”

“ரத்தம் போனது உங்களுக்குத் தெரியாதுங்களா?”

“சூடுன்னுதானுங்க இவரு சொன்னாரு. வெயில்ல மாடு கட்டித் தண்ணி எறைக்கறவரு, இருக்கும்னு நெனச்சேன். ஆறு மாசமா மோருல வெந்தயம் போட்டுக் குடுத்தேன். ரத்தம்னு ஒரு வார்த்தை சொல்லலீங்க. கட்டி பழுக்கட்டும்னு வெல்லஞ்சுண்ணாம்பு வேற வெச்சேன். அது எங்கீங்க பழுக்கறது.”

சூலூரில் பஸ் நின்றது. அவர் விழித்துத் திரும்பினார்.

“ஏம்மணி, வெல்லஞ்சுண்ணாம்பு போடலாமான்னு டாக்டரக் கேட்டியா?”

“கேட்டனுங்க,” என்றாள். “அதையே போடச் சொன்னாருங்க. பத்து நாள்ல பழுத்து ஒடஞ்சிரும்னாரு.”