எங்கட சனம் இல்லாத நாடு

நோர்வேயை விடுங்கோ தம்பி. மாசிக் கடைசியில அங்க விடிஞ்சுதோ இல்லையோ எண்டு யன்னலைத் திறந்து பாத்துத்தான் சொல்லோணுமாம். திறந்தா மூக்கு விறைச்சுப் போகுமாம். நான் சொல்லேல்லை, இராசமலர் எழுதினவள். அங்க மீன் பக்டரியில நிக்கிறாள். ஓம், எங்கட ஒழுங்கைப் பிள்ளைதான்.

அந்தக் கதிரையில வடிவா இருங்கோ. துணி கிடந்தா எடுத்து அங்கால போடுங்கோ. கோட்டு முடிஞ்சுது, பொத்தான் ரெண்டுதான் மிச்சம். அதை நான் தைச்சு முடிக்கிறதுக்குள்ள நீங்களும் நாட்டை முடிவெடுங்கோ. நாளண்டைக்குக் கொழும்பு பஸ், ஏஜென்சிக்காரன் அஞ்சாறு நாட்டைச் சொல்லிப்போட்டு ஒண்டைச் சொல்லு எண்டு நிக்கிறான், நீங்கள் இன்னும் யோசிச்சுக்கொண்டு இருக்கிறீங்கள்.

என்னட்டக் கேக்கிறது பிழையில்லை. திருகோணமலையில ஐரோப்பாவைப் பற்றி என்னைவிடத் தெரிஞ்ச ஆள் இல்லை. சிரிக்காதேங்கோ. நான் பிளேன் ஏறேல்லை, கப்பல் ஏறேல்லை, சீனன்குடாவுக்கு அங்கால போனதே எண்ணிச் சில தரம். ஆனா என்ர கோட்டு போகாத நாடில்லை. கோதுமை ஏத்திக்கொண்டு வாற கப்பல்காரரிட்டப் பழைய கம்பளிக் கோட்டா வாங்கி ஜமால்தீன் நானா கொண்டந்து போடுவார். நான் பிரிச்சுக் கழுவி, எங்கட ஆக்களின்ர அளவுக்குக் குறுக்கித் தைப்பன். வெள்ளைக்காரன்ர தோளுக்குள்ள எங்கட ஆள் ஒண்டரைப் பேர் நிக்கலாம். போனவை கடிதம் போடுவினம். சுகமாப் போய்ச் சேர்ந்தன் எண்டு தாய்க்கு எழுத முதல், புஸ்பராணி அக்கா, கை கட்டையாப் போச்சு, மணிக்கட்டால காத்துப் போகுது எண்டு எனக்கு எழுதுவினம். அப்பிடிப் படிச்சதுதான் என்ர பூமிசாத்திரம்.

மாசியில போறது புத்தியோ எண்டு கேட்டீங்கள். எங்களுக்கு மாசியெண்டா மழை விட்டு வெயில் தொடங்குற மாசம். அங்கயும் அப்பிடியாக்கும் எண்டு நினைச்சுக்கொண்டு போறவைதான் கூட. அங்க வெயில் எறிக்குமாம், சூடு இராதாம். வெளிச்சத்தைக் கண்டு கோட்டைக் கழட்டிப்போட்டுப் போய் ஆசுப்பத்திரியில கிடந்த ஆக்கள் இருக்கினம். மார்கழிக் குளிரை நம்பலாம், அது குளிர் எண்டு சொல்லிப்போட்டு வரும். மாசிக் குளிர் சிரிச்சுக்கொண்டு வரும். கவனம்.

பாரிஸ் எண்டா மழைக்குளிர். நாள் முழுக்க ஈரச் சாரத்தோட நிக்கிற மாதிரி எண்டு எழுதியிருந்தான் ஒருத்தன். ஆர் எண்டா, இந்தப் பக்கத்துக் கடை, படக்கடைச் சோமசேகரம் அண்ணையின்ர இளையவன். அங்க ஒரு ஹோட்டலில கோப்பை கழுவுறான். ஜெர்மனியில ஸ்ருட்காட் பக்கம் தம்பிராசாவின்ர ரெண்டு பெடியளும் நிக்கினம். குளிர் கடுமை, ஆனா வீடு சூடாம். சுவிஸில கமலேஸ்வரியின்ர தம்பி, பேர்ண் டவுனில. என்னைக் கேட்டா மாசிக்கு சுவிஸ்தான் நல்லம். காஞ்ச குளிர். கோட்டு ஈரமாகாது. ஆரும் கதைச்சாலும் மரியாதையாக் கதைப்பினமாம்.

என்ன, முகம் ஒரு மாதிரிப் போகுது? ஓ, அந்தப் படத்தைப் பாத்தனீங்களோ. அவர்தான் என்ர மனிசன். அருளம்பலம். துறைமுகத்தில கிளாக்கா இருந்தவர். போன ஆடியில, அதுதான் தொண்ணூறு ஆடியில, எங்கட ஒழுங்கைய ஆமிக்காரர் சுத்தி வளைச்சுப் பதினொரு பேரைக் கொண்டு போனாங்கள். அதில அவரும் ஒண்டு. கேள்விப்பட்டிருப்பீங்கள்தானே. ஏழு மாசமாகுது. நான் போய் நிக்காத காம்ப் இல்லை. எல்லா இடத்திலயும் ஒரே மறுமொழி, அப்பிடியொரு ஆளை நாங்கள் பிடிக்கேல்லை எண்டு. பிடிக்கேக்க வேலிக்கு வெளியில நிண்டு பாத்த எனக்கே சொல்லுறாங்கள் தம்பி.

இல்லை, அழமாட்டன், பயப்பிடாதேங்கோ. அழுகை முதல் மாசத்தோட முடிஞ்சு போச்சு. இப்ப கோவம் மட்டும்தான். அது நல்லது, சோறு சமைக்கவும் தைக்கவும் விடுது.

சரி, உங்கட கதைக்கு வருவம். போன மாசம் நீங்கள் முதல் முதலா வந்து அளவு குடுக்கேக்க ஒரு கேள்வி கேட்டீங்கள், ஞாபகமோ? எனக்கு அது இன்னும் காதுக்குள்ள கிடக்குது. இந்தக் கதிரையில எத்தினை பேர் வந்து இருந்திருப்பினம். சாம்பல்தீவு, மூதூர், கிண்ணியா, எங்கயிருந்து வந்தாலும் முதல் கேள்வி ஒண்டுதான். அக்கா, எங்கட சனம் எங்க கூட நிக்குது? ஒரு முகம் தெரிஞ்சாப் போதும், படுக்கப் பாயும் ஒரு பிடி சோறும் கிடைக்கும் எண்டு. நீங்கள் ஒராள்தான் மாறிக் கேட்டீங்கள். எங்கட ஊர்ச்சனம் இல்லாத நாடு எது எண்டு.

தனிய இருக்க விருப்பம் எண்டு சொன்னீங்கள். ஓம், சொன்னீங்கள். நானும் சரியெண்டு கேட்டுக்கொண்டன். ஆனா தம்பி, பாசை தெரியாத நாட்டில, மாசிக் குளிரில, தனிய இருக்க விரும்புற மனிசரும் இருக்கினமோ? கடன்பட்டுப்போட்டு ஓடுறவனும் மச்சான் வீட்டுக்குத்தான் ஓடுவான்.

அண்டைக்கே நீங்கள் போத்துக்கல் எண்டீங்கள். நல்ல யோசனை. உறைபனி இல்லை, மழைதான். கோணேசர் கோயிலை இடிச்சவன்ர நாடு எண்டபடியா எங்கட ஆக்கள் அந்தப் பக்கம் போறதில்லையாக்கும். இந்தக் கதிரையும் அலுமாரியும் அவங்கள் விட்டிட்டுப் போன சொல்லாம், எங்கட அவர்தான் சொல்லுவார். அவருக்கு இப்பிடி விசயமெல்லாம் நல்ல விருப்பம். ஆரும் வந்திருந்தா எழும்ப விடார், கதைச்சுக்கொண்டே இருப்பார்.

பொறுங்கோ, எங்க எழும்புறீங்கள்? பொத்தான் ஒண்டு இன்னும் இருக்கு.

ரெண்டாந்தரம் வந்தீங்களே, கோட்டைப் போட்டுப் பாக்க. ஏஜென்சிக்குக் கோட்டுப் போட்ட படம் வேணும், குளிர் நாட்டில இருந்த ஆள் மாதிரித் தெரியோணும் எண்டு சொல்லி. அதுக்கென்ன, போறவை எல்லாரும் இஞ்ச கோட்டைப் போட்டுக்கொண்டு அப்பிடியே பக்கத்தில போய்ச் சோமசேகரம் அண்ணையிட்டப் படம் எடுக்கிறதுதானே வழக்கம். நானும் கோட்டின்ர கொலரை இழுத்துச் சரிசெய்யக் கூட வந்தன். அண்ணை உங்களைக் கதிரையில இருத்திப்போட்டு, நாடியைக் கொஞ்சம் உயத்துங்கோ தம்பி, இனி அசையாதேங்கோ, சரியோ எண்டு கேட்டார். நீங்கள் வாய் திறக்கேல்லை. தலையை ஆட்டினீங்கள். நாடியை ரெண்டுதரம் கீழ இறக்கி, கடைசியில வலப்பக்கமா ஒரு சின்ன இழுப்பு.

அண்ணை என்னைப் பாத்தார். நான் அண்ணையைப் பாத்தன். அவற்ர மூத்தவன் அந்தப் பதினொரு பேரில நாலாவது.

பதினொரு தரம் பாத்த தலையாட்டு தம்பி. அண்டைக்கு விளையாட்டு மைதானத்தில ஆம்பிளையள் எல்லாரையும் வரிசையில விட்டு, ஜீப்பில ஒருத்தனை இருத்தி, தலையில சாக்கு மூடி, கண்ணுக்கு ரெண்டு ஓட்டை விட்டிருந்தாங்கள். ஒவ்வொருத்தரா முன்னால கொண்டந்து நிப்பாட்டினாங்கள். சாக்கு அசையாட்டி வீட்ட போகலாம். அசைஞ்சா லொறியில ஏறோணும். நாங்கள் பொம்பிளையள் முள்ளுக்கம்பியைப் பிடிச்சுக்கொண்டு அந்தச் சாக்கைத்தான் பாத்துக்கொண்டு நிண்டனாங்கள். சாமியைக் கூட நான் அப்பிடிப் பாத்ததில்லை. முகத்தை மூடலாம், ஆட்டுற ஆட்டை மூட ஏலாது.

கத்தாதேங்கோ. கத்தினா அங்கால படக்கடையில கேக்கும்.

அடிச்சுத்தான் செய்விச்சவங்கள் எண்டு சொல்லுறீங்கள். இருக்கலாம். நகம் புடுங்கியிருப்பாங்கள், தலைகீழாக் கட்டியிருப்பாங்கள், எனக்குத் தெரியும் அவங்கள் என்ன செய்வாங்கள் எண்டு. பத்துப் பேருக்கு அதை நான் நம்புறன். நம்பி மன்னிக்கவும் மாட்டன், ஆனா நம்புறன். என்ர மனிசனுக்கு என்ன சொல்லுறீங்கள்? அவர் வந்து நிண்டார். சாக்கு அசையேல்லை. போ எண்டு சொல்லிப்போட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டிட்டாங்கள். அவர் திரும்பி எங்கட பக்கம் நாலைஞ்சு அடி நடந்தும் வந்திட்டார் தம்பி. என்னைக் கண்டு சிரிச்சவர். அதுக்குப் பிறகுதான் நீங்கள் ஆட்டினீங்கள். ஆரும் கேக்கேல்லை, ஆரும் அடிக்கேல்லை, விட்ட ஆளைக் கூப்பிட்டு ஆட்டினீங்கள். அதை ஆர் செய்விச்சது?

விடுங்கோ. சொன்னாலும் எனக்கு இனி வேண்டாம்.

காம்புக்குப் போய் என்னைக் காட்டிக் குடுக்கலாம் எண்டு யோசிக்கிறீங்கள். தாராளமாப் போங்கோ. அவங்களுக்கு இனி நீங்கள் தேவையில்லை, அதுதானே வெளிநாடு போகச் சொல்லி விட்டிருக்கிறாங்கள். என்னைக் கொண்டு போனாலும் காரியம் நடந்து முடிஞ்சுது. ஏஜென்சிக்கு ரெண்டு படம் கேட்டீங்கள், ரெண்டு தந்தவர். அண்ணை இன்னும் பதினொண்டு கழுவினவர். பிடிபட்ட வீட்டுக்கு ஒண்டு, வெளிநாட்டில நிக்கிற அவையின்ர ஆக்களுக்கு. பத்து நாளுக்கு முதல் ஜமால்தீன் நானா கொழும்புக்குப் போகேக்க எல்லாத்தையும் தபாலில போட்டிட்டார். அண்டைக்குச் சாக்குக்குள்ள இருந்த முகம் இப்ப பாரிஸில இருக்கு, பேர்ணில இருக்கு, ஸ்ருட்காட்டில இருக்கு. இராசமலரின்ர தமையன் ஏழாவது ஆள், அவளுக்கும் ஒண்டு போயிருக்கு. எங்களுக்குப் பிள்ளை குட்டி இல்லை, எங்கட வீட்டுக்கான படத்தை நானாவின்ர மகன் அன்ஸாருக்கு அனுப்பினன். எங்கட அவர்தான் அவனுக்குக் கப்பலில வேலை எடுத்துக் குடுத்தவர். அவன்ர கப்பல் மாசத்துக்கு ரெண்டு தரம் லிஸ்பன் துறைமுகத்துக்குப் போகுதாம். போத்துக்கலில இருக்கு லிஸ்பன்.

வேர்க்குது உங்களுக்கு. கோட்டை இஞ்ச போட்டுப் பாக்க வேண்டாம், அங்க போய்ப் போடலாம். கோட்டில நான் ஒரு குறையும் விடேல்லை. உள்ளுக்கு ரெண்டு மடிப்புக் கம்பளி வைச்சிருக்கிறன். குளிரில விறைச்சுச் சாக உங்களை நான் விடமாட்டன். நீங்கள் கனகாலம் இருக்கோணும்.

இல்லை, கொல்லச் சொல்லி எழுதேல்லை. அடிக்கவும் சொல்லேல்லை. அந்தப் பிள்ளையளுக்கு அங்க அகதி வழக்கு இருக்கு, விசா இருக்கு, உங்களைத் தொட்டு அவை ஏன் அழிவான்? நான் எழுதினது ஒண்டே ஒண்டுதான். கண்ட இடத்தில ஒருக்கா நில்லுங்கோ. கிட்டப் போய் முகத்தைப் பாருங்கோ. ஒண்டும் கதைக்காமத் தலையை ஒருக்கா ஆட்டிப்போட்டுப் போங்கோ எண்டு. அவை தங்கட கூட்டாளிமாருக்கும் சொல்லியிருப்பினம். அங்க வெள்ளைக்காரனும் ரோட்டில ஆளைக் கண்டா மரியாதைக்குத் தலையாட்டுவானாம். ஆர் மரியாதைக்கு ஆட்டினது, ஆர் படத்தைப் பாத்து ஆட்டினது எண்டு நீங்கள்தான் இருந்து யோசிக்கோணும். பஸ்ஸில, கடையில, உங்கட வீட்டு வாசலில.

இந்தாங்கோ, பொத்தானும் முடிஞ்சுது. நூலைக் கடிச்சு விட்டிட்டன்.

என்ன கேக்கிறீங்கள்? ஆட்டினதுக்குப் பிறகு என்ன நடக்கும் எண்டோ? எனக்குத் தெரியாது தம்பி. ஏழு மாசமா நானும் ஒவ்வொரு காம்ப் வாசலிலயும் போய் நிண்டு அதைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறன்.