அம்சவள்ளி பேசிய டேப்

உச்சிப்பொழுது, பன்னிரண்டு மணி. கூட்டேரிப்பட்டைத் தாண்டினால் விக்கிரவாண்டி வரைக்கும் ரோட்டில் ஒரு காக்காய்கூட இல்லை. பேய்க்கு இருட்டுதான் வேண்டும் என்று யார் சொன்னது? விளக்கைச் சின்னதாக்குங்கள், சொல்கிறேன்.

நம் கிருஷ்ணவேணியின் தாய்மாமன் மாசிலாமணி. திண்டிவனத்தில் மைக்செட் வைத்திருந்தான். அறுபத்து நாலிலேயே அவனிடம் டேப் ரிக்கார்டர் உண்டு. அதில் அம்சவள்ளியைப் பேசவிட்டுப் பிடித்தான். மல்லாட்டை மில்லில் கடலை உடைக்கும் வேலை பார்த்தவள். இவனைத்தான் கட்டிக்கொள்வேன் என்று இருந்தவள்.

"யாருக்கும் போட்டுக் காட்டக் கூடாது மாமா."

"கற்பூரத்த அணைச்சு சத்தியம் பண்றேன், போதுமா?"

அணைத்தான். உள்ளங்கை சுட்டது.

என்ன பேசினாள் என்று கேட்காதீர்கள். சொல்ல மாட்டேன். அது அவளுடையது.

அந்த வைகாசியில் ஒரு கல்யாணம். தாலி கட்டி முடிந்தது. மைக்செட் கொட்டகையில் நாலைந்து ஆம்பிளைகள்.

"உன் ஆளு பேசுறத போடுறா டேய்! நாங்க இன்னா கடிச்சா துன்னுடுவோம்?"

போட்டான். சிரித்தார்கள். பனைமரத்தில் கட்டிய குழாய் ஸ்பீக்கருக்குப் போகும் ஒயரைக் கழற்ற மறந்திருந்தான்...

சுற்றுப்பட்ட ஊரெல்லாம் கேட்டது. கொல்லையில் மல்லாட்டை பிடுங்கிக்கொண்டிருந்த அவள் அண்ணன்மாரும் கேட்டார்கள். மண் கையோடு வீட்டுக்கு நடந்தார்கள். அவள் தொண்டையில் ஏறி மிதித்தார்கள். எலும்பு நொறுங்கியது. பிறகுதான் கயிற்றில் மாட்டினார்கள். "தானே தொங்கிட்டா" என்றது ஊர்.

மாசிலாமணி டேப்பை அழிக்கவில்லை. ஒரு பொத்தானை அழுத்தினால் போதும். அழிக்கவில்லை. விழுப்புரத்தில் வேறு சிலர் கேட்க ஆசைப்பட்டார்கள். பெட்டியைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு கிளம்பினான். அதுதான் அந்த உச்சிப்பொழுது.

பின்னால்... ஸ்ஸ்ஸ்... கரண்டே இல்லாத பெட்டிக்குள் சக்கரம் சுற்றுகிறது. வால்வு சூடேறித் தூசி கருகும் வாசனை. இறங்கினான். மூடி தானாகத் திறந்தது.

"மாமா... வாயத் தொற."

திறந்தான். மாட்டேன் என்று நினைத்தான், திறந்தான். டேப் நாக்கை அறுத்துக்கொண்டு உள்ளே போனது. முழம் முழமாக. கடித்தான், ஈறு கிழிந்தது. பிடித்து இழுத்தான், விரல்கள் எலும்புவரை வெட்டுப்பட்டன. தாரில் விழுந்த ரத்தம் விழுந்த சூட்டிலேயே காய்ந்தது.

லாரிக்காரர்கள் தூக்கிப் போனார்கள். டாக்டர் தொண்டையிலிருந்து முழுச் சுருளையும் உருவினார். உயிர் இருந்தது. குரல் போய்விட்டது.

போன பங்குனியில் கிருஷ்ணவேணி, மாமன் வீட்டில் கிடந்த அந்த டேப்பைக் கழுவிப் போட்டுப் பார்த்தாள். அம்சவள்ளி பேசியதில் ஒரு சொல் இல்லை. கொட்டகையில் ஆம்பிளைகள் சிரித்த சிரிப்பு மட்டும். அன்று அந்தப் பெட்டி பேசத்தான் பேசியது, எதையும் பதிவு பண்ணவில்லை...

முதல் சிரிப்பு பச்சைமுத்துவுடையது. நடுவில் 'கடக்' என்று நின்றது. அவன் அதற்கு முந்தின தையிலேயே கழுத்து நொறுங்கிச் செத்தவன். அடுத்தது நடராசனுடையது. கடக். அவன் மாசியில்.

மூன்றாவது சிரிப்பு கிருஷ்ணவேணி தினமும் வீட்டில் கேட்கிற சிரிப்பு. அவள் அப்பாவுடையது. அது மட்டும் கடைசிவரை ஓடியது.

நேற்று ராத்திரி மறுபடியும் போட்டாளாம்...

இப்போது அந்தச் சிரிப்பும் பாதியில் நிற்கிறது.