அதே பெயரில் ஒரு பழைய கோப்பு

சர்வர் அறையில் வேலை பார்ப்பவர்களைச் சளி லேசில் விடாது. ஏசி இயந்திரங்களுக்காகத்தான், நமக்காக அல்ல. அதனால் நான் நடுவில் இருமினால், பயந்துவிட்டேன் என்று எழுதிக்கொள்ளாதீர்கள், சார்.

என் மனைவியின் தம்பியை அந்த மருத்துவமனையில் சேர்த்துவிட்டதே நான்தான். கெட்டிக்காரன். வந்த வேகத்தில் எங்கள் கணினிப் பிரிவுக்கே தலைவனாகிவிட்டான். பதவி வந்த அன்று என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "இங்க அத்தான்னு கூப்பிட்டா நல்லா இருக்காது. தப்பா எடுத்துக்காதீங்க சார்" என்றான். நான் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. கூட்டங்களில், "சார் பழைய ஆளு, புதுசுன்னா கொஞ்சம் அலர்ஜி" என்பான். எல்லோரும் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன்.

எங்களிடம் ஒரு பெரிய சர்வர் இருந்தது. அதற்குள் பல மெய்நிகர் கணினிகள், ஒரே வீட்டில் பல குடித்தனங்கள் மாதிரி. சர்வரின் உடம்போடு ஒட்டிய மென்பொருள்தான் ஃபர்ம்வேர். அதைப் புதுப்பித்தால், உள்ளே குடியிருப்பவை எழுந்து நிற்க அதற்குப் பொருந்துகிற லைப்ரரி கோப்பும் வேண்டும். பழைய கோப்பு ஒத்துவராது. அவன் புதிய கோப்பைத் தயாராக வைத்திருந்தான். நான் அதை எடுத்துவிட்டு, பழையதை அதே பெயரில் வைத்தேன். தேதியைப் பார்த்திருந்தால் கண்டுபிடித்திருப்பான். அவன் பார்க்கவில்லை. அந்த அலட்சியத்துக்கு நான் பொறுப்பல்ல.

டைரக்டர் முன்னால் அவன் கொஞ்சம் தலைகுனிய வேண்டும். அவ்வளவுதான் என் ஆசை.

அன்று மதியம் அவன் ஃபர்ம்வேரைப் புதுப்பித்தான். சர்வர் எழுந்தது. உள்ளே இருந்தவை எழவில்லை. அவற்றில் ஒன்று, தீவிர சிகிச்சைப் பிரிவுக் கருவிகளின் எச்சரிக்கை ஒலியைச் செவிலியர் மேசைக்குக் கொண்டுபோவது. அது எனக்குத் தெரியுமா என்று கேட்கிறீர்கள். தெரியும். அதை அமைத்ததே நான்தான். கொஞ்ச நேரம் கட்டில் கட்டிலாகப் போய்ப் பார்த்துக்கொள்ளும்படி செவிலியர்களிடம் சொல்லியிருந்தார்கள். அந்தக் கொஞ்ச நேரம்தான் நீண்டுபோனது.

போன் வந்தது. "அத்தான், எதுவுமே எழும்ப மாட்டேங்குது. டைரக்டர் பக்கத்துலயே நிக்கிறாரு. எங்க இருக்கீங்க?"

எல்லோர் முன்னாலும் அத்தான் என்றான்.

"வெளியே வந்திருக்கேம்பா. வந்துட்டே இருக்கேன்" என்றேன். நான் இருந்தது கேன்டீனில். இன்னொரு டீ சொன்னேன். மறுபடியும் கூப்பிட்டான். அதற்குப் பிறகு கூப்பிட்டபோது அவன் குரல் உடைந்திருந்தது. "அத்தான், ப்ளீஸ்." டீ ஆறிப்போயிருந்தது. எழுந்தேன்.

சரியான கோப்பு என் பென்டிரைவில் இருந்தது. போட்டதும் எல்லாம் வரிசையாக எழுந்தன. டைரக்டர் என் தோளைத் தட்டிக்கொடுத்தார். அப்போதுதான் ஒரு செவிலியர் ஓடிவந்தார். கடைசித் தனியறையில் இருந்த பெண்ணுக்கு மூச்சுக் குழாய் நழுவியிருக்கிறது. யாரும் கவனிக்கவில்லை. போய்ப் பார்த்தபோது உயிர் இல்லை. மறுநாள் வார்டுக்கு மாற்றுவார்கள் என்ற நம்பிக்கையில், அவள் கணவர் அவளுடைய துணிப்பையோடு வெளியே காத்திருந்தார்.

"என் தப்புதான்" என்று மச்சினன் எழுதிக் கொடுத்துவிட்டான். இப்போது யாரிடமும் பேசுவதில்லை. அவன் நாற்காலியை எனக்குக் கொடுத்தார்கள். "நீங்க இன்னும் கொஞ்சம் சீக்கிரம் போயிருக்கக் கூடாதா?" என்று மனைவி கேட்டாள். வழியில் நெரிசல் என்றேன்.

நடைக்கூடத்துக் கேமராவில் என்னைப் பார்த்துவிட்டுத்தான் கூப்பிட்டிருக்கிறீர்கள். ஆமாம், கேன்டீனிலிருந்து வரும்போது அந்தக் கடைசி அறைக்கு முன்னால் நின்றேன். உள்ளே கருவி விடாமல் கத்திக்கொண்டிருந்தது. கதவுக் கண்ணாடி வழியாகப் பார்த்தேன். அவள் ஒரு கையால் போர்வையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தாள். பார்வை என் பக்கம் இருந்தது.

திறந்திருக்கலாம். சத்தம் போட்டுக் கூப்பிட்டிருக்கலாம். ஆனால் வெளியே இருப்பதாகச் சொன்னவன் அதற்குள் இங்கே எப்படி வந்தான் என்று கேட்டிருப்பார்கள். அதனால் பின்படிக்கட்டில் இறங்கி, கட்டடத்தைச் சுற்றி, வாசல் வழியாக உள்ளே வந்தேன்.

சொந்தக்காரர்களிடம் பொய் சொல்கிறவன் என்று எனக்கு இதுவரை பெயர் இல்லை, சார்.