வைத்தியர் தட்டிய கதவு

உச்சிப் பொழுது. நிழல் காலடியில் சுருண்டு படுத்துக்கொள்கிற நேரம். ஊருக்கு வெளியே ஒரு மண் ரோடு... ஆள் இல்லை, காக்கை கூட இல்லை.

பேய்க் கதைக்கு ராத்திரிதானே வேண்டும் என்று முணுமுணுக்கிற அந்தப் போர்வை மூடிய தலை கொஞ்சம் சும்மா இருக்கட்டும். கேட்பதற்குத்தான் ராத்திரி. நடப்பதற்கு எந்த நேரமும் போதும். விளக்கைக் குறைத்துவிட்டு நெருங்கி உட்காருங்கள்.

நம்ம தையல்காரர் இருக்கிறாரே, அவருடைய தாய்மாமனுக்கு நடந்தது இது. எண்ணெய் மாமா என்றுதான் கூப்பிடுவார்கள். அவர் ஊரில் வண்டி கிடையாது. கூரைக்கு மேலே கம்பி, கம்பியில் தொங்கிக்கொண்டு பெட்டிகள் ஓடும், ஆளும் மூட்டையும் அதற்குள். கம்பிக்கு எண்ணெய் போடுவது மாமாவின் வேலை. எவ்வளவு எண்ணெய் போட்டாலும் கம்பி ராப்பகலாக முனகும்... ம்ம்ம்ம்... என்று. அந்த முனகல் சிலருடைய எலும்புக்குள் இறங்கிவிடும். அதற்குப் பேர் கம்பிநோய்.

முதலில் பல் கூசும். பிறகு கையில் பிடித்த டம்ளரில் தண்ணீர் வட்டம் வட்டமாகச் சுழிக்கும். முற்றினால் ஆளின் ஓரங்கள் கலங்கும். மீட்டிவிட்ட தந்தி மாதிரி இங்கேயும் இருப்பார், அங்கேயும் இருப்பார். கடைசியில் ஒரு நாள் எங்கேயும் இருக்க மாட்டார். மருந்து ஒன்றுதான். வீட்டுக்கு மேலே ஓடுகிற கம்பியை அரைப் பகலாவது நிறுத்த வேண்டும்.

நிறுத்த விட்டால்தானே? தலைமை வைத்தியர் கம்பத்தில் சிவப்புத் துணி கட்டினால்தான் பெட்டிகள் நிற்கும். வேறு யாராவது கட்டினால், கட்டிய கை இருக்காது. தலைமை வைத்தியரோ, இப்படி ஒரு வியாதியே இல்லை, எல்லாம் மனப்பிரமை என்று சபையில் பாதி நாள் முழங்கி, அதற்காக வெள்ளிப் பூண் போட்ட கைத்தடி வாங்கியவர். நோயாளி ஒருவரைக்கூட நேரில் பார்த்ததில்லை. பார்த்தால் கருத்து கெட்டுப்போகுமாம்.

மாமாவின் அக்காவுக்கு ஓரங்கள் கலங்க ஆரம்பித்துவிட்டன. எத்தனை முறை கெஞ்சினாலும் வைத்தியர் அசையவில்லை. அன்றைக்கு மாமா, கூட்டம் இருக்கிற நேரமாகப் பார்த்துப் போய், "பயமா இருந்தா வேணாங்கய்யா" என்றார். அவ்வளவுதான். வைத்தியர் செருப்பு மாட்டிக்கொண்டார்.

அந்த மண் ரோட்டில் இரண்டு பேரும் நடக்கிறார்கள்.

"உங்க அக்காவுக்குப் புருஷன் இருக்காரா?"

"போயிட்டாருங்கய்யா."

"அதான். பேச ஆள் இல்லைன்னா இப்படித்தான் வியாதி வரும்."

"அவரும் இதே வியாதியிலதான் போனாருங்கய்யா."

"அவருக்கும் பேச ஆள் இருந்திருக்காது."

"அக்கா கூடவே இருந்தாங்களே."

"அப்ப அதிகமாப் பேசியிருப்பாங்க."

சிவப்புத் துணி வைத்தியரின் பைக்குள் இருக்கிறது. எண்ணெய் டப்பாவால் மண்டையில் ஒன்று போட்டுவிட்டு அதை எடுத்துக்கொண்டால் என்ன என்று மாமாவுக்குத் தோன்றியது. தோன்றியதோடு சரி.

வீட்டை நெருங்கும்போதே நாற்றம்... சூடேறிய இரும்பும் பழைய எண்ணெயும் கலந்து. அந்த ஊரில் யாரும் கதவைத் தட்ட மாட்டார்கள். மெல்லக் கூப்பிடுவதோடு சரி. தட்டினால் அந்தச் சத்தம் உள்ளே இருக்கிற அதிர்வோடு கைகோத்துக்கொள்ளும் என்று பயம். மாமா "அக்கா" என்று வாயெடுப்பதற்குள் வைத்தியர் கைத்தடியால்...

டொக். டொக். டொக்.

"ஐயா, தட்டக் கூடாதுங்க."

"நான் வந்திருக்கேன்னு தெரிய வேணாமா?"

உள்ளேயிருந்து... டொக். டொக். டொக்.

அக்காவால் புரண்டு படுக்கக்கூட முடியாது.

வைத்தியருக்கு ஒரே குஷி. "பார்த்தியா, எழுந்து வந்து கதவைத் தட்டுறா. படுத்த படுக்கையாம்." மறுபடி தட்டினார். மறுபடி பதில் வந்தது. மூன்றாம் தடவை தடியை ஓங்கினார்... தடி கதவைத் தொடவில்லை. சத்தம் முந்திக்கொண்டது.

மாமா கதவைத் தள்ளினார். கதவுக்குப் பின்னால் யாரும் இல்லை. அக்கா கட்டிலில்தான் கிடந்தாள், கம்பளி சுற்றியபடி. பற்கள் கடகடவென்று... ஒரு முகம் இருக்க வேண்டிய இடத்தில் மூன்று முகம் கலங்கிக்கொண்டிருந்தது.

சபையில் பாதி நாள் முழங்கியவர் பையைத் திறந்து சிவப்புத் துணியை எடுத்தார். வைத்தியர் வெளியே போனார். அவரே கம்பத்தில் துணியைக் கட்டினார்.

பெட்டிகள் அந்தரத்தில் நின்றன. மேலேயிருந்து ஒருவன், "எவன்டா அது? நான் வேலைக்குப் போறதா, இல்ல இப்படியே தொங்குறதா?" என்று கத்தினான். அதுவும் ஓய்ந்தது. பிறந்ததிலிருந்து மாமா கேட்டிராத அமைதி... பொழுது சாயச் சாய அக்காவின் பல் சத்தம் குறைந்தது. மூன்று முகம் இரண்டாகி, ஒன்றானது. "தண்ணி குடுடா" என்றாள். மாமா கொடுத்த டம்ளர் அவள் கையில் இருந்தது, தண்ணீர் அசையவில்லை. மாமா அழுதுவிட்டார்.

வாசலில் நின்ற வைத்தியரை மாமா மரியாதையாக அவர் வீடு வரைக்கும் கொண்டுபோய் விட்டார். வழியெல்லாம் நன்றி சொன்னார். வைத்தியர் தலையை மட்டும் ஆட்டினார். வைத்தியரின் மனைவிக்கு ஆச்சரியம். "வாயைத் திறக்காம வர்றாரே, என்ன குடுத்தீங்க? தினமும் கொஞ்சம் குடுத்தனுப்புங்க" என்று சிரித்தபடி அவரை உள்ளே அழைத்துக்கொண்டு கதவைச் சாத்தினாள்.

மாமா திரும்பி வந்தபோது அக்கா எழுந்து உட்கார்ந்து தலை வாரிக்கொண்டிருந்தாள்.

"வைத்தியரை வீட்டுல விட்டுட்டு வந்துட்டேன்க்கா."

சீப்பு பாதியில் நின்றது.

"யாரை விட்டே? முதல்ல அந்த ஸ்டூலை எடுத்து அவருக்குப் போடு. நீ போனதிலேருந்து கதவுக்குப் பின்னாலயே நிக்கிறாரு. உட்காருங்கன்னா கோவிச்சுக்கிறாரு."

மாமா திரும்பினார். கதவுக்கும் சுவருக்கும் நடுவே, ஓரமெல்லாம் கலங்கி... வெளியே கம்பி இன்னும் நின்றுதான் இருந்தது.

"ஏன்யா," என்றது வைத்தியரின் குரல், "என்னை இங்க நிக்க வெச்சுட்டு, யாரைக் கொண்டுபோய் என் வீட்டுல விட்டே?"