நாற்பது கேம் பெட்டிகள்

டீ நன்றாக இருக்கிறது சார். சர்க்கரைதான் கொஞ்சம் தூக்கல்.

நாங்கள் சிவாஜிநகரில் ஜவுளி விற்ற குடும்பம். எங்கள் கடையில் அப்பா வைத்த வழக்கம் ஒன்று உண்டு. பேரத்தில் தலையாட்டினால் பேச்சு நடக்கிறது என்றுதான் பொருள். கையைப் பிடித்துக் குலுக்கினால்தான் வாக்கு. தலையாட்டலை நம்பிச் சரக்கு ஏற்றியவர்கள் வந்து திட்டுவார்கள். அப்பா அதற்கும் தலையாட்டுவார்.

ஜவுளி படுத்ததும் நான் வீடியோ கேமுக்கு மாறினேன். பழைய ஜப்பான் பெட்டிகள். ரிப்பேருக்கு ரெமிஜியஸ். எட்டு வருஷச் சிநேகம். அவன் மௌரீனைக் கட்டியபோது மாப்பிள்ளைத் தோழன் நான்தான்.

தொண்ணூற்றொன்பதில், கம்ப்யூட்டரையே கேம் பெட்டியாக நடிக்க வைக்கும் சாஃப்ட்வேர் வந்தது. அதற்கு ஒன்று மட்டும் வேண்டும்: கரண்ட் வந்ததும் பெட்டியில் முதலில் ஓடும் புரோகிராம். பயாஸ் என்பார்கள். உள்ளே ஒரு சிப்பில் இருக்கும். எங்கள் மாடலில் அதை யாரும் இன்னும் எடுத்திருக்கவில்லை.

“சிப்பக் கழட்டி, ஃபைலா எடுத்து, நெட்ல சும்மா போட்டுடறேன் குரு. காசில்லாத பசங்களும் ஆடட்டும்” என்றான்.

“என்கிட்ட நாப்பது பெட்டி கெடக்குதேடா? அப்புறம் அத யாரு வாங்குவா?”

“அதுல கோழி வளத்துக்கோ. நாப்பதுக்கும் மூடி இருக்குதில்ல?”

சிரித்தேன். நல்ல ஜோக்.

சிப்பைக் கழட்ட வந்த அன்று பெட்டியைத் திறந்து வைத்து, ஒருமுறை ஓடவிட்டுப் பார்த்தான். பிறகு அணைக்கச் சொன்னான். பெட்டியின் பட்டனை அமுக்கினேன். டிவி இருண்டது.

“பிளக்கப் புடுங்கிட்டியா?” என்று கேட்டான். பிளக் என் தோளுக்குப் பின்னால், சுவரில் இருந்தது. அவன் திரும்பிப் பார்த்திருக்கலாம்.

தலையாட்டினேன்.

பட்டனை அணைத்தாலும், பிளக் சுவரில் இருக்கிறவரை பெட்டிக்குள் ஒரு பலகையில் கரண்ட் இருக்கும். அதில் அவன் விரல் பட்டது. ஒட்டிக்கொண்டது. இன்னொரு கை என் பக்கம் நீண்டது. ஷாக்கடித்தவரைத் தொடக்கூடாது என்று ஈ.பி. ஆபீஸ் போர்டில் எழுதியிருக்கிறது. நான் தொடவில்லை. சுவரில் ஸ்விட்ச் எட்டும் தூரத்தில்தான் இருந்தது. அதையும் தொடவில்லை. கை விழுகிறவரை நின்றேன்.

நீங்கள் அவனுடைய கவனக்குறைவு என்று எழுதிக் கேஸை மூடிவிட்டீர்கள். மௌரீன் தினமும் கடைக்கு வந்து நிற்கிறாள்.

“பிளக்கப் புடுங்காம அவரு ஸ்க்ரூவக்கூட தொட மாட்டாருண்ணா. நீங்களாவது போலீஸ்ல சொல்லுங்களேன்.”

அதற்காகத்தான் வந்தேன். அவன் கவனமாகத்தான் இருந்தான், கேட்டுவிட்டுத்தான் கை வைத்தான் என்று திருத்தி எழுதுங்கள்.

மௌரீனிடம் இன்னொன்றும் சொல்லுங்கள் சார். நான் தலைதான் ஆட்டினேன். அவன் நீட்டிய கையைப் பிடிக்கவே இல்லை. வாக்குத் தவறினேன் என்று அவள் நினைத்துவிடக் கூடாது.